பதிவேட்டிலிருந்து ஒரு பெயர் நீக்கப்பட்டால்...

 

மஹல்லாவில் வாழும் ஒரு குடும்பத்திற்கு, ஜமாஅத் பதிவேட்டில் உள்ள பெயர் வெறும் எழுத்து அன்று. மகளின் நிகாஹ் நடைபெற அந்தப் பெயர் வேண்டும். வெளியூர்ச் சம்பந்தம் பேசும்போது, "இன்னார் எங்கள் மஹல்லாவைச் சேர்ந்தவர்" என்று எழுதித் தரும் கடிதத்திற்கு அந்தப் பெயர் வேண்டும். இறுதியில் மையவாடியில் ஆறடி மண் கேட்கும்போதும் அந்தப் பெயரே முன்வந்து நிற்கிறது. ஆகவேதான், ஒரு பெயர் பதிவேட்டிலிருந்து நீக்கப்படும்போது, அது சங்கத்தின் உள்விவகாரம் என்ற அளவில் நின்றுவிடுவதில்லை. ஒரு வீட்டின் நிம்மதியே குலைந்து போகிறது.

இத்தகைய தகராறுகள் இன்று நீதிமன்றங்களுக்குச் செல்கின்றன. கீழ் நீதிமன்றத்தில் ஓர் உத்தரவு, மேல் நீதிமன்றத்தில் வேறோர் உத்தரவு என்று ஆண்டுகள் கழிகின்றன. "உயர் நீதிமன்றத்திற்குப் போனால் எல்லாம் சரியாகிவிடும்" என்று ஒரு தரப்பும், "நீதிமன்றம் எங்கள் உள்விவகாரத்தில் தலையிடவே முடியாது" என்று மறுதரப்பும் நம்பிக்கொண்டிருப்பதைக் காண்கிறோம். இரண்டு நம்பிக்கைகளும் பிழையானவை. ஏன் பிழை என்பதை நம் குடும்பங்கள் அறிந்து வைத்திருப்பது நல்லது.

ஓர் உதாரணம்

பின்வருவதை ஓர் உதாரணமாக மட்டுமே எண்ணிக்கொள்ளுங்கள். எந்த ஊரையும் எவரையும் இது குறிக்கவில்லை.

ஓர் ஊரில் ஜமாஅத் நிர்வாகம், பதிவு செய்யப்பட்ட சங்கமாக இயங்கி வருகிறது. கடைவீதி வியாபாரி ஒருவர் பொதுக்குழுவில் எழுந்து, மூன்று ஆண்டுகளாக வரவு செலவுக் கணக்கு வாசிக்கப்படவில்லையே என்று கேட்கிறார். வாக்குவாதம் முற்றுகிறது. அடுத்த வாரம் நிர்வாகக்குழு கூடி, "சங்கத்தின் ஒற்றுமைக்குக் குந்தகம் விளைவித்தார்" என்று தீர்மானம் எழுதி அவர் பெயரை நீக்கிவிடுகிறது. அவருக்கு நோட்டீஸ் இல்லை, விளக்கமும் கேட்கப்படவில்லை. மாதாமாதம் சந்தா வாங்க வருபவர் வருவதை நிறுத்திக்கொள்கிறார். மகளின் திருமணத்திற்காக நிகாஹ் தஃப்தர் கேட்டுச் சென்ற நாளில்தான் அவருக்கு விஷயமே தெரிகிறது.

அவர் மாவட்ட முன்சீப் நீதிமன்றத்தில் வழக்குத் தொடுக்கிறார். நீக்கம் செல்லாது என்று அறிவிக்க வேண்டும் என்பது அசல் வழக்கு. வழக்கு முடியும்வரை தம்மை உறுப்பினராகவே நடத்த வேண்டும் என்பது இடைக்கால மனு. முன்சீப் இடைக்கால உத்தரவு வழங்குகிறார். நிர்வாகம் சார்பு நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்கிறது. "இது சங்கத்தின் உள்விவகாரம், நீதிமன்றத்திற்கு இதில் வேலை இல்லை" என்று அந்த உத்தரவு ரத்தாகிறது. வியாபாரி உயர் நீதிமன்றத்தின் படியேறுகிறார். அங்கே என்ன நடக்கும்?

நீதிமன்றம் தலையிடலாமா?

முதலில் அடிப்படைக் கேள்வியைப் பார்ப்போம். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 9ஆவது பிரிவு, வேறு சட்டத்தால் தடுக்கப்பட்டாலன்றி, உரிமையியல் தன்மை கொண்ட எல்லா வழக்குகளையும் விசாரிக்கும் அதிகாரத்தை உரிமையியல் நீதிமன்றங்களுக்கு வழங்குகிறது. சங்க உறுப்பினர் என்ற உரிமை பறிபோனதைக் கேட்பதும் அவ்வகையைச் சேர்ந்ததே. ஆனால் அந்த விசாரணைக்கு ஓர் எல்லை உண்டு.

பெல்காம் நகரிலிருந்த விக்டோரியா லாட்ஜ் என்னும் ஃப்ரீமேசன் சங்கம், தன் உறுப்பினர் ஒருவரை நீக்கியது. அந்த வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 1962ஆம் ஆண்டின் இறுதியில் வழங்கப்பட்ட அத்தீர்ப்பு, இன்றும் இத்தகைய வழக்குகளில் எடுத்துக்காட்டப்படுகிறது. சங்கம் தன் விதிகளின்படி நடந்ததா, இயற்கை நீதியைப் பேணியதா, நல்லெண்ணத்துடன் செயல்பட்டதா என்பவற்றை நீதிமன்றம் பார்க்கும். ஆனால் சங்கத்தின் முடிவுக்கு மேல்முறையீட்டு மன்றம் போல் அமர்ந்து, அந்த முடிவு சரியா தவறா என்று மீண்டும் எடைபோடாது என்பதே அதன் சாரம். அந்த வழக்கில் நீக்கம் செல்லும் என்றே முடிவாயிற்று என்பதையும் கவனிக்க வேண்டும். விதிப்படி நடந்த சங்கத்தின் கையை நீதிமன்றம் பிடிப்பதில்லை.

நம் சமுதாயத்திலிருந்தே ஒரு வழக்கைச் சொல்வதானால், புர்ஹான்பூர் வழக்கைக் குறிப்பிட வேண்டும். தாவூதி போஹ்ரா சமூகத்தைச் சேர்ந்த சிலர் விலக்கப்பட்டது பற்றி எழுந்த அவ்வழக்கு, லண்டனிலிருந்த பிரிவி கவுன்சில் வரை சென்று 1947ஆம் ஆண்டின் இறுதியில் முடிவுற்றது. சமூகத் தலைவருக்கு விலக்கும் அதிகாரம் உண்டு என்று பிரிவி கவுன்சில் ஏற்றுக்கொண்டது. ஆயினும் அது கட்டற்ற அதிகாரம் அன்று, உரிய முறைப்படி செய்யப்படாத விலக்கம் செல்லாது என்றும் கூறியது. அதிகாரம் இருப்பது வேறு, அதை முறையாகப் பயன்படுத்துவது வேறு அன்றோ!

பின்னர் பம்பாய் மாகாணம் 1949ஆம் ஆண்டில் சமூக விலக்கத்தையே தடை செய்து ஒரு சட்டம் இயற்றியது. அதே சமூகத்தின் தலைவர் தொடுத்த வழக்கில், 1962ஆம் ஆண்டு ஜனவரியில் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளில் நால்வர் அச்சட்டம் செல்லாது என்றனர். சமயக் காரணங்களுக்காக விலக்குவது சமயப் பிரிவின் உரிமையில் அடங்கும் என்பது அவர்கள் கருத்து. தலைமை நீதிபதி சின்ஹா மட்டும் மாறுபட்டார். அத்தீர்ப்பை மறுபடியும் ஆராய வேண்டும் என்ற கோரிக்கை, 2023ஆம் ஆண்டு பிப்ரவரியில் 9 நீதிபதிகள் கொண்ட அமர்வின் பார்வைக்கு அனுப்பப்பட்டது. மகாராஷ்டிர மாநிலம், சமூகப் புறக்கணிப்பைக் குற்றமாக்கி 2016ஆம் ஆண்டின் சட்டம் ஒன்றைக் கொண்டுள்ளது.

நம் உதாரணத்தில் வரும் வியாபாரியோ மார்க்கக் கொள்கையில் மாறுபட்டவர் அல்லர். அவர் கேட்டது கணக்கு. ஆகவே அவருடைய வழக்கு, லாட்ஜ் வழக்கின் பாதையில் செல்வது.

மேலே செல்லும் வழிகள்

"மேல் நீதிமன்றம்" என்று நாம் ஒரே சொல்லால் கூறினாலும், அங்கே செல்லும் வாசல்கள் பல. ஒவ்வொரு வாசலிலும் கேட்கப்படும் கேள்வி வேறு.

முதலாவது, மேல்முறையீடு. அசல் வழக்கில் தீர்ப்பு வந்தபின் செய்யப்படும் முதல் மேல்முறையீட்டில், சாட்சியங்களையும் சட்டத்தையும் மேல் நீதிமன்றம் முழுமையாக ஆராயலாம். வாசல்களில் விரிவானது இதுதான்.

இரண்டாவது, இரண்டாம் மேல்முறையீடு. இது உயர் நீதிமன்றத்தில் மட்டுமே. முக்கியமான சட்டப் பிரச்சினை இருந்தால்தான் ஏற்கப்படும். "சாட்சி பொய் சொன்னார்" என்று இங்கே வாதிட்டுப் பயனில்லை.

மூன்றாவது, சீராய்வு. கீழ் நீதிமன்றம் தனக்கில்லாத அதிகாரத்தைப் பயன்படுத்தினாலோ, உள்ள அதிகாரத்தைப் பயன்படுத்த மறுத்தாலோ உயர் நீதிமன்றம் திருத்தலாம். 2002ஆம் ஆண்டு ஜூலை முதல் நடைமுறைக்கு வந்த திருத்தம் இந்த வாசலைக் குறுக்கிவிட்டது. மனுதாரருக்குச் சாதகமாக உத்தரவு வந்திருந்தால் வழக்கே முடிந்திருக்கும் என்ற நிலையில் மட்டுமே இது திறக்கும்.

நான்காவது, மறுஆய்வு. தீர்ப்பளித்த அதே நீதிமன்றம், வெளிப்படையாகத் தெரியும் பிழையையோ, உரிய கவனத்துடன் தேடியும் முன்பு கிடைக்காத ஆதாரத்தையோ கருதித் தன் உத்தரவைத் தானே திரும்பப் பார்ப்பது.

ஐந்தாவது, அரசியலமைப்பின் 227ஆவது பிரிவு. தன் எல்லைக்குட்பட்ட நீதிமன்றங்கள் அனைத்தையும் மேற்பார்வையிடும் அதிகாரத்தை இப்பிரிவு உயர் நீதிமன்றத்திற்கு அளிக்கிறது. இடைக்கால உத்தரவுக்கு எதிராக ஒருமுறை மேல்முறையீடு முடிந்துவிட்டால், அதன்மேல் இன்னொரு மேல்முறையீடு கிடையாது. எனவே நம் வியாபாரிக்கு எஞ்சியிருப்பது இந்த ஐந்தாவது வாசல்தான்.

உயர் நீதிமன்றம் எதைப் பார்க்கும்?

இங்கேதான் பலர் ஏமாற்றம் அடைகிறார்கள். கீழ் நீதிமன்றங்கள் தத்தம் அதிகார எல்லைக்குள் நிற்கின்றனவா என்று பார்ப்பதற்கே இந்த மேற்பார்வை அதிகாரம். சாதாரணப் பிழைகளைத் திருத்துவதற்கு அன்று என்று உச்ச நீதிமன்றம் 1954ஆம் ஆண்டிலேயே கூறிவிட்டது. இடைக்கால உத்தரவைப் பொறுத்தவரை, மேல்முறையீட்டு நீதிமன்றம்கூட, "நானாக இருந்தால் வேறு விதமாக உத்தரவிட்டிருப்பேன்" என்பதற்காக மட்டும் கீழ் நீதிமன்றத்தின் உத்தரவை மாற்றக்கூடாது என்று 1990ஆம் ஆண்டில் ஒரு வணிக வழக்கில் உச்ச நீதிமன்றம் விளக்கியது.

நம் உதாரணத்திற்கே வருவோம். சார்பு நீதிமன்றம், சங்கத்தின் துணைவிதிகளைப் படித்து, நோட்டீஸ் அனுப்பியதற்கான ஆதாரத்தைப் பார்த்து, "நீக்கம் முறைப்படி நடந்ததாகவே மேலோட்டமாகத் தெரிகிறது" என்று காரணங்களுடன் எழுதியிருந்தால், உயர் நீதிமன்றம் தலையிடத் தயங்கும். வேறொரு முடிவுக்கும் இடமுண்டு என்பது மட்டும் போதாது.

ஆனால் சார்பு நீதிமன்றம் துணைவிதிகளைப் புரட்டியும் பாராமல், "உள்விவகாரம்" என்ற ஒரே சொல்லால் மனுவைத் தள்ளியிருந்தால் நிலை வேறு. சட்டம் தந்த அதிகாரத்தைப் பயன்படுத்த மறுத்ததாக அது ஆகிறது. அங்கே உயர் நீதிமன்றம் தலையிட இடமுண்டு.

தலையிட்டாலும், "வியாபாரி உறுப்பினரே" என்று இறுதித் தீர்ப்பு வந்துவிட்டதாக எண்ணிவிடலாகாது. இடைக்கால ஏற்பாடு ஒன்றைச் செய்து, அசல் வழக்கைக் குறித்த காலத்திற்குள் முடிக்குமாறு கீழ் நீதிமன்றத்திற்கு உத்தரவிடுவதே பெரும்பாலும் நடப்பது. சாட்சி சொல்லவும் பதிவேட்டைக் காட்டவும் அவர் மீண்டும் முன்சீப் நீதிமன்றத்திற்கே வரவேண்டும். மேலே செல்லும் படிகள் எத்தனை இருந்தாலும், வழக்கின் உயிர் கீழ்ப்படியில்தான் இருக்கிறது. அங்கே தாக்கல் செய்யாத காகிதம், மேலே போய்ப் பேசுவது அரிது.

நாள் கணக்கு

உயர் நீதிமன்றத்திற்கு மேல்முறையீடு செய்ய 90 நாட்கள். ஏனைய நீதிமன்றங்களுக்கு 30 நாட்கள். சீராய்வுக்கு 90 நாட்கள். கீழ் நீதிமன்றங்களில் மறுஆய்வுக்கு 30 நாட்கள். தீர்ப்பின் சான்றிட்ட நகல் பெறுவதற்கு ஆகும் காலம் இந்தக் கணக்கில் சேராது. ஆதலால் தீர்ப்பு வந்தவுடனேயே நகலுக்கு விண்ணப்பித்துவிட வேண்டும். மேற்பார்வை மனுவுக்கு இத்தகைய நாள் வரையறை இல்லையெனினும், காரணமின்றித் தாமதித்தவரை நீதிமன்றம் விரும்புவதில்லை.

வக்ஃபு விவகாரமா, சங்க விவகாரமா?

நம் பள்ளிவாசல்கள் பல வக்ஃபுகள். அவற்றைச் சுற்றி இயங்கும் அமைப்புகள் பல, பதிவு பெற்ற சங்கங்கள். தமிழ்நாட்டில் சங்கங்களை ஆள்வது 1975ஆம் ஆண்டின் தமிழ்நாடு சங்கங்கள் பதிவுச் சட்டம். சங்கத்தின் செயற்பாடு குறித்து விசாரணை நடத்த மாவட்டப் பதிவாளருக்கு அதன் 36ஆவது பிரிவில் அதிகாரம் உண்டு. ஆயினும் உரிமை யாருடையது என்று இறுதியாகத் தீர்ப்பது உரிமையியல் நீதிமன்றத்தின் வேலை.

பிரச்சினை வக்ஃபு பற்றியதானால், 1995ஆம் ஆண்டின் வக்ஃபு சட்டப்படி அது வக்ஃபு தீர்ப்பாயத்திற்குச் செல்ல வேண்டும். உரிமையியல் நீதிமன்றத்திற்கு அங்கே தடை உண்டு. தீர்ப்பாயத்தின் முடிவை முன்பு உயர் நீதிமன்றம் சீராய்வு மட்டுமே செய்ய முடிந்தது. 2025ஆம் ஆண்டின் திருத்தச் சட்டம், 90 நாட்களுக்குள் உயர் நீதிமன்றத்தில் மேல்முறையீடு செய்ய வழி வகுத்தது. எந்த வாசல் என்று தெரியாமல் தவறான மன்றத்தில் வழக்குப் போட்டு, பல ஆண்டுகளுக்குப் பின் "இங்கே வந்திருக்கக்கூடாது" என்ற பதிலைப் பெறுவது பெரும் துயரம். முதல் நாளே வழக்கறிஞரிடம் கேட்க வேண்டிய முதல் கேள்வி இதுதான்.

இரு தரப்பையும் கேட்டல்

இயற்கை நீதி என்று சட்டநூல்கள் கூறுவது நமக்குப் புதியதன்று. அலீ (ரலி) அவர்களை யமன் நாட்டிற்கு நீதி வழங்க அனுப்பியபோது, ஒருவர் சொல்வதைக் கேட்டதோடு மற்றவர் சொல்வதைக் கேளாமல் தீர்ப்பளிக்க வேண்டாம் என்று அண்ணல் நபி (ஸல்) அவர்கள் அறிவுறுத்தியதை ஹதீஸ் நூல்கள் பதிவு செய்துள்ளன. நோட்டீஸ் கொடுக்காமல் ஒருவர் பெயரை அடித்துவிடும் நிர்வாகக்குழு, சட்டத்தை மட்டுமா மீறுகிறது?

ஒரு தீர்ப்பை மறுபடி ஆராய்வதும் இழிவன்று. இரவில் ஒருவரின் ஆடுகள் இன்னொருவரின் விளைநிலத்தில் புகுந்து மேய்ந்த வழக்கைத் திருக்குர்ஆனின் அல்அன்பியா அத்தியாயம் நினைவூட்டுகிறது. தாவூத் (அலை) ஒரு முடிவு கூற, மகனார் சுலைமான் (அலை) அதனினும் சிறந்ததொரு வழியை உணர்த்தப்பெற்றார். ஆடுகளையே நிலத்துக்காரருக்குக் கொடுத்துவிடாமல், நிலம் பழைய நிலைக்குத் திரும்பும்வரை அவற்றின் பயனை மட்டும் அனுபவிக்கச் செய்தார் என்று விரிவுரையாளர்கள் விளக்குகின்றனர். தந்தை சிறுமைப்படவில்லை, இருவருக்கும் ஞானம் அளித்ததாகவே இறைவன் கூறுகின்றான். உமர் (ரலி) அவர்கள் அபூமூஸா அல்அஷ்அரீ (ரலி) அவர்களுக்கு எழுதியதாகப் புகழ்பெற்ற மடலிலும், நேற்றுச் சொன்ன தீர்ப்பு, இன்று உண்மை புலப்பட்டபின் அதன்பால் திரும்புவதற்குத் தடையாகக்கூடாது என்ற கருத்து இடம்பெறுகிறது. நீக்கியதைத் திரும்பப் பெறும் நிர்வாகம் தோற்றுவிடவில்லை என்பதை நம் முத்தவல்லிகளும் தலைவர்களும் உணரவேண்டும்.

நிர்வாகிகளுக்குச் சில சொற்கள்

உறுப்பினரைச் சேர்ப்பதும் நீக்குவதும் எவ்வாறு என்பது துணைவிதிகளில் தெளிவாக இருக்கட்டும். குற்றச்சாட்டு எதுவென்று எழுத்தில் கூறி, பதில் சொல்லப் போதிய நாட்கள் கொடுங்கள். புகார் கொடுத்தவரே தீர்ப்பளிக்க அமர வேண்டாம். நீக்கும் அதிகாரம் பொதுக்குழுவுக்கு என்று விதி இருந்தால், நிர்வாகக்குழு அதைக் கையில் எடுக்க வேண்டாம். தீர்மானத்தில் காரணங்களை எழுதுங்கள். ஒருவர் மீதுள்ள கோபத்திற்காக அவர் வீட்டு நிகாஹையும் ஜனாஸாவையும் தடுத்து நிறுத்துவது எவ்வகையிலும் அழகன்று.

உறுப்பினர்களுக்குச் சில சொற்கள்

சந்தா ரசீதுகளைப் பத்திரப்படுத்துங்கள். துணைவிதிகளின் நகல் ஒன்று வீட்டில் இருக்கட்டும். சந்தா வாங்க மறுத்தால் மணியார்டரிலோ வங்கி வழியாகவோ அனுப்பி, அதன் சான்றை வைத்துக்கொள்ளுங்கள். நீக்கம் பற்றிக் கேள்விப்பட்டவுடன், விரைவுத் தபாலில் காரணம் கேட்டு எழுதுங்கள். கணவர் காலமானபின் பதிவேட்டில் குடும்பத்தின் பெயர் என்னவாயிற்று என்று விசாரிக்காமல் இருக்கும் சகோதரிகள், உடனே அதைக் கேட்டறியுங்கள். பெண்கள் அனைவரும், வருமான வரம்பு இன்றி, இலவசச் சட்ட உதவி பெற உரிமையுடையவர்கள். 1987ஆம் ஆண்டின் சட்டப்பணிகள் ஆணையச் சட்டம் இதை உறுதி செய்கிறது. நீதிமன்ற வளாகங்களில் இயங்கும் சட்டப்பணிகள் குழுவை அணுகலாம்.

வழக்கு நிலுவையில் இருந்தாலும் சமரசத்திற்கான கதவு மூடப்படுவதில்லை. சென்னை உயர் நீதிமன்ற வளாகத்தில் 2005ஆம் ஆண்டு முதல் சமரச மையம் இயங்கி வருகிறது. மாவட்டங்களிலும் மக்கள் நீதிமன்றங்கள் நடைபெறுகின்றன. இரு பிரிவினர் பிணங்கிக்கொண்டால் அவர்களிடையே நீதியுடன் இணக்கம் ஏற்படுத்துமாறு அல்ஹுஜுராத் அத்தியாயம் நம்மைப் பணிக்கிறது. நீதியில்லாத சமரசம், பலமற்றவனின் வாயை அடைப்பதாகவே முடியும் என்பதையும் மறந்துவிடலாகாது.

நம் வியாபாரியின் கதை எப்படி முடியும்? உயர் நீதிமன்றம் வழக்கைக் கீழே அனுப்பி, ஆறு மாதத்தில் முடிக்கச் சொல்லலாம். அதற்குள் மகளின் திருமண நாள் கடந்துவிடும். வேறு மஹல்லாவின் தஃப்தரில் அந்த நிகாஹ் பதியப்படும். அவர் பின்னர் வழக்கில் வென்றாலும் அந்த நாள் திரும்பி வராது. ஒரு நோட்டீஸ், ஒரு கூட்டம், அரைமணி நேரம் பொறுமையாகக் கேட்டல்: இவை இருந்திருந்தால், ஒரு தரப்பும் படியேற வேண்டியிருந்திராது.

உங்கள் மஹல்லாவின் அடுத்த பொதுக்குழுவில் துணைவிதிகளை ஒருமுறை உரக்க வாசிக்கச் சொல்லுங்கள். கணக்குக் கேட்டவரைப் பகைவராகக் கருதாத நிர்வாகத்தையும், நிர்வாகத்தை மதித்துக் கேள்வி கேட்கும் உறுப்பினர்களையும் வல்ல இறைவன் நம் ஊர்களுக்குத் தந்தருள்வானாக! ஆமீன்.